கதீஜா என்ற பெயரில் குறை எங்கே இருக்கிறது?

இளந்தகப்பன்:
அஸ்ஸலாமு அலைக்கும். எங்களுக்குப் பெண் குழந்தை பிறந்து பதினொரு நாள் ஆகிறது. ஏழாம் நாள் பிள்ளைக்காக ஆடு அறுக்கும் அகீகா கொடுத்து, கதீஜா என்று பெயர் வைத்தோம். என் மாமியாரின் தாயாருக்கும் அதுதான் பெயர். மறுநாள் காலையில் உறவினர் ஒருவர் குடும்பக் குழுவில் ஒரு பெயர்ப் பட்டியலின் படத்தைப் போட்டு, "கதீஜா: குறையுடன் பிறந்தவள்" என்ற வரிக்குக் கீழே சிவப்புக் கோடு இழுத்து, இப்போதே மாற்றிவிடுங்கள் என்று எழுதிவிட்டார். என் மனைவி அன்று முழுவதும் சரியாகச் சாப்பிடவில்லை. வீட்டில் இருக்கும் பெயர்ப் புத்தகமோ "நம்பிக்கைக்குரியவள்" என்கிறது. நபியவர்களின் முதல் மனைவியான அன்னை கதீஜாவின் பெயரைப் பற்றி இப்படி எழுத எப்படி மனம் வருகிறது என்று எனக்குப் புரியவில்லை. அரபு தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழைய அகராதி:
வ அலைக்குமுஸ்ஸலாம் தம்பி. முப்பத்தோரு ஆண்டுகள் அரபுக் கல்லூரியில் இலக்கணம் நடத்தியவன் என்ற உரிமையில் சொல்கிறேன்: உங்கள் உறவினர் காட்டிய பட்டியலும் தவறு, உங்கள் வீட்டுப் புத்தகமும் தவறு. "நம்பிக்கைக்குரியவள்", "தூய்மையானவள்" என்பவையெல்லாம் அந்த அம்மையாரின் பெருமையைப் பெயரின் பொருளாக மாற்றி எழுதியவை. மக்காவில் இஸ்லாத்துக்கு முன்பே அவரைத் தாஹிரா, அதாவது தூயவர், என்று அழைத்தார்கள் என வரலாற்றாசிரியர்கள் எழுதுகிறார்கள். அது பட்டம், பெயர் அல்ல.

பெயர் காவன்னா (خ), தால் (د), ஜீம் (ج) என்ற மூன்று அரபு எழுத்து வேரிலிருந்து வருகிறது. பெண் ஒட்டகம் நாள் நிறைவதற்கு முன்பே கன்றை ஈன்றுவிட்டால் அரபிகள் "கதஜத்" என்பார்கள், கன்றின் உறுப்புகள் எல்லாம் முழுமையாக இருந்தாலும் சரி. அந்தக் கன்று கதீஜ். நாள் நிறைந்து ஈன்றும் கன்று உறுப்புக் குறைந்து பிறந்தால் அதற்கு வேறு சொல்: "அக்தஜத்". அந்தக் கன்று முக்தஜ். ஜவ்ஹரீயின் ஸிஹாஹ் என்ற பழைய அரபு அகராதி இந்த இரண்டையும் தெளிவாகப் பிரித்துக் காட்டுகிறது. எனவே கதீஜா என்றால் நாள் நிறையுமுன் பிறந்தவள். "குறையுடன்" என்ற சொல்லுக்கு அங்கே இடமே இல்லை.

மொழிக்காவலன்:
ஆலிம்சா வழக்கம்போல் பாதியைச் சொல்லி, அதையே முழுமை என்று நிறுத்துகிறார். போன ரமளானில் "ரமழான்" என்றுதான் எழுத வேண்டும் என்று நாற்பது பதிவுகள் எழுதி மற்றவர்களை வாயடைக்க வைத்தாரே, அதே முறைதான். இப்னு ஃபாரிஸ் ஹிஜ்ரி நான்காம் நூற்றாண்டிலேயே மகாயீஸுல் லுகா என்ற அகராதியில் இந்த வேரைப் பற்றி முதல் வரியிலேயே எழுதிவிட்டார்: இது ஒரே வேர், "நுக்ஸான்" என்ற பொருளைக் காட்டுவது. நுக்ஸான் என்றால் தமிழில் குறை. நம் ஊர்க் கடைத்தெருவில்கூட நஷ்டத்துக்கு நுக்ஸான் என்று சொல்லும் பெரியவர்கள் உண்டு. பட்டியல் போட்டவர் குறை என்று எழுதியதில் என்ன தவறு? உண்மை கசக்கிறது என்பதற்காக மறைக்கக் கூடாது.

பழைய அகராதி:
முதல் வரியைப் படித்துவிட்டுப் புத்தகத்தை மூடினால் இப்படித்தான் ஆகும். இப்னு ஃபாரிஸின் அடுத்த வரியையும் படியுங்கள். ஒட்டகம் ஈனும் காலத்துக்கு முன்பே கன்றைப் போட்டால் கதஜத். ஈனும் காலத்திலேயே உருக் குறைந்த கன்றைப் போட்டால் அக்தஜத். நீங்கள் எந்த நூலைச் சாட்சிக்கு அழைத்தீர்களோ அந்த நூலே, நீங்கள் அழைத்த அதே பத்தியிலேயே, இரண்டையும் பிரிக்கிறது. முதல் சொல்லில் குறைந்தது நாள். இரண்டாம் சொல்லில் குறைந்தது உடல். ஒட்டகம் ஏறக்குறைய பதின்மூன்று மாதம் சுமக்கும் விலங்கு. அதோடு வாழ்ந்த மக்களுக்கு, ஒரு மாதம் முந்திப் பிறந்து எழுந்து நின்று பால் குடிக்கும் கன்றுக்கும், காலோ கண்ணோ இல்லாமல் பிறந்த கன்றுக்கும் வேறுபாடு தெரியாதா? தெரிந்ததனால்தான் இரண்டு சொல் வைத்தார்கள்.

தம்மாம் செவிலி:
இதில் நான் ஒன்று சொல்லலாம் என்று நினைக்கிறேன். பதினான்கு ஆண்டுகளாக வளைகுடாவில் குறைமாதக் குழந்தைகள் பிரிவில் வேலை பார்க்கிறேன். எங்கள் பிரிவின் கதவில் அரபியில் "குத்தஜ்" என்றுதான் எழுதியிருக்கும். கதீஜ் என்பதன் பன்மை அது என்று ஒரு சூடானிய மருத்துவர்தான் எனக்குச் சொல்லித்தந்தார். முப்பத்தேழு வாரம் நிறையாமல் பிறக்கும் எல்லாக் குழந்தைகளும் அங்கே குத்தஜ்தான். இருபத்தொன்பதாம் வாரத்தில் பிறந்த ஒரு பெண் குழந்தையை முதல் இரவு நான்தான் பார்த்துக்கொண்டேன். எடை ஒரு கிலோவும் நூற்றிருபது கிராமும். என் சுண்டுவிரலை அதன் உள்ளங்கையில் வைத்தால் ஐந்து விரலாலும் பிடித்துக்கொள்ளும். ஒவ்வொரு விரலிலும் அரிசி நுனி அளவுக்கு நகம் இருந்தது. தோல் மட்டும் மெழுகுத்தாள் போல, உள்ளே ஓடும் நரம்பு தெரியும். பத்து வாரம் கழித்துத் தாயின் மடியில் வீட்டுக்குப் போனாள். அவளிடம் எந்த உறுப்பும் குறையவில்லை, நாள்தான் குறைந்தது. அந்தத் தாய் அவளுக்குக் கதீஜா என்றே பெயர் வைத்தார், பொருள் தெரிந்தே வைத்தார்.

மொழிக்காவலன்:
சகோதரியின் சேவைக்கு மரியாதை உண்டு. ஆனால் மருத்துவமனைக் கதவு அகராதி ஆகாது. ஸஹீஹ் முஸ்லிம் என்ற நபிமொழித் தொகுப்பில் அபூஹுரைரா அவர்கள் அறிவிக்கும் நபிமொழியை எடுத்துக்கொள்ளுங்கள். உம்முல் குர்ஆன், அதாவது ஃபாத்திஹா அத்தியாயம், ஓதாமல் தொழுத தொழுகை "கிதாஜ்" என்று மூன்று முறை சொல்லப்பட்டு, "முழுமையற்றது" என்ற விளக்கமும் அங்கேயே வருகிறது. இந்தக் கிதாஜ் அக்தஜத்திலிருந்து வந்ததா, கதஜத்திலிருந்து வந்ததா? ஆலிம்சா உடலுக்கு ஒதுக்கிய சொல்லிலிருந்து அல்ல, நாளுக்கு ஒதுக்கிய சொல்லிலிருந்துதான். அந்தத் தொழுகை நாள் முந்திப் பிறந்த தொழுகையா? முழுமையற்ற தொழுகை, குறையுள்ள தொழுகை. குறை, குறை, குறை. இதற்குப் பதில் சொல்லிவிட்டு மற்றதைப் பேசட்டும்.

பழைய அகராதி:
சொல்கிறேன். கிதாஜ் என்பது அங்கே உவமை. நிறைய வேண்டிய ஒன்று நிறையுமுன் வெளியே வந்துவிட்டது என்பது அந்த உவமையின் உயிர். ஃபாத்திஹாவுக்கு முன்பே ருகூவுக்கு, அதாவது குனியும் நிலைக்கு, போய்விட்ட தொழுகைக்கு அதைவிடப் பொருத்தமான உவமை வேறு இல்லை. தொழுகையைப் பற்றிச் சொன்னதை ஒரு பெண்ணின் மேல் ஏற்றுவது என்ன நியாயம்? மாறாக, இதே வேரின் மற்றச் சொல் மனிதன்மேல் வந்த இடத்தைப் பாருங்கள். கி.பி. 658-இல் நஹ்ரவான் போரில் கலீஃபா அலீ அவர்கள் தேடச் சொன்ன மனிதனை "முக்தஜுல் யத்" என்றார்கள், கை ஊனமானவன் என்ற பொருளில். உடல் குறைக்கு அரபி எடுத்த சொல் முக்தஜ். கதீஜ் அல்ல. கதீஜா அல்ல.

மருதமுனை வாசகர்:
காக்காமார் பொருளைப் பற்றி அடித்துக்கொள்வதற்கு முன் எழுத்தைத் திருத்தலாமே. காவன்னாவைக் "க" என்று எழுதினால் காஃபுக்கும் (ك) காவன்னாவுக்கும் (خ) வேறுபாடு போய்விடுகிறது. துருக்கியர் ஹதீஜே என்கிறார்கள், சுவாஹிலியில் ஹதீஜா. நாமும் ஹதீஜா என்று எழுதினால் என்ன?

மொழிக்காவலன்:
துருக்கியர் எப்படிச் சொன்னால் நமக்கு என்ன? என் பாட்டியின் நிக்காஹ் பதிவில் "கதீசா" என்றுதான் இருக்கிறது, ஜீம்கூட இல்லை. அன்னை கதீஜா கனவு கண்டதற்குச் சீறாப்புராணத்தில் தனிப் படலமே பாடிய உமறுப்புலவர் பிறந்த மண்ணில் ஒருவர் வந்து ஹதீஜா என்று எழுதச் சொல்கிறார். ரமழான்காரர்களும் ஹதீஜாக்காரர்களும் சேர்ந்து தமிழை ஒரு வழி பண்ணிவிடுவார்கள்.

மருதமுனை வாசகர்:
நான் தமிழைக் கெடுக்க வரவில்லை. எங்கள் ஊரிலும் கதீசா உம்மாக்கள் வீட்டுக்கு ஒருவர் இருந்தார்கள். "ஒருவர் வந்து" என்று என்னைப் பேசியதைத் திரும்பப் பெறுங்கள்.

பழைய அகராதி:
எழுத்துச் சண்டையை வேறு இழையில் வைத்துக்கொள்ளுங்கள். ரமழான் என்றுதான் எழுத வேண்டும் என்பதிலிருந்து நான் ஒரு புள்ளியும் பின்வாங்கவில்லை என்பதை மட்டும் பதிந்துவிட்டுப் பெயருக்குத் திரும்புகிறேன்.

அரபிகள் பிறந்த சூழலையும் கண்ணில் பட்டதையும் வைத்தே பெயரிட்டார்கள். ஃபாத்திமா பால்குடி மறப்பதைக் குறிக்கும் வேரிலிருந்து வந்தது. பக்ர் என்றால் இளம் ஒட்டகம். ஹன்ளலா என்றால் வாயில் வைக்க முடியாத கசப்புடைய பேய்க்குமட்டி. அதை ஆண்பிள்ளைக்கு வைத்தார்கள், நபித்தோழர்களிலேயே அந்தப் பெயர் உண்டு. துமாளிர் என்ற கவிதாயினியைச் சப்பை மூக்குக்காரி என்ற பொருளில் கன்ஸா என்று அழைத்தார்கள், அந்தப் பெயராலேயே அவர் புகழ் நின்றது. குவைலிதின் மகளான கதீஜாவின் தாயார் பெயர் ஃபாத்திமா பின்த் ஸாஇதா. கதீஜா பெற்ற மகளும் ஃபாத்திமா. பால் மறந்த இரு பெயர்களுக்கு நடுவில் நாள் முந்திய ஒரு பெயர். குறைஷிகளில் அஸத் குலத்தின் ஒரு வீட்டுக்குள் நடந்ததைப் பெயர்களே காட்டுகின்றன என்று வகுப்பில் சொல்லும்போதெல்லாம் எனக்கு மெய்சிலிர்க்கும்.

வரலாற்று மாணவி:
பெயரின் பயணத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். பதினான்காம் நூற்றாண்டில் மாலத்தீவை ஆண்டவர் கதீஜா என்ற பெண். அங்கே காழியாக, அதாவது நீதிபதியாக, இருந்த பயணி இப்னு பதூதா, வெள்ளிக்கிழமைச் சொற்பொழிவான குத்பாவில் அவர் பெயரால் துஆ கேட்கப்பட்டதை எழுதியிருக்கிறார். இஸ்தான்புல்லில் பொன்கொம்புத் துறைமுகத்தின் கரையில் நிற்கும் யெனி ஜாமி பள்ளிவாசல் பல பத்தாண்டுகள் பாதியில் கிடந்தது; அதை 1660-களில் கட்டி முடித்தவர் நான்காம் மெஹ்மதின் தாயார் துர்ஹான் ஹதீஜே சுல்தான். அவர்களில் ஒருவரும் பெயரில் குறை இருக்கிறது என்று மாற்றிக்கொள்ளவில்லை.

மொழிக்காவலன்:
அரசிகளின் பட்டியல் பொருளுக்குப் பதில் ஆகாது. குறை என்பது பொருள் இல்லை என்றால், நாற்பது வயதில் நபியவர்களை மணந்தார் என்பதையும் அடுத்ததாக இருபத்தெட்டு என்று திருத்துவீர்கள் போலும்.

பழைய அகராதி:
வயதைப் பற்றி இரண்டு அறிவிப்புகளும் பழைய நூல்களில் உண்டு. இங்கே யார் அதைக் கேட்டார்கள்? நான் கேட்கும் கேள்விக்குப் பதில் சொல்லுங்கள். பொருள் சரியில்லாத பெயர்களை நபியவர்கள் மாற்றினார்கள். மாறு செய்பவள் என்ற பொருளுள்ள ஆஸியா என்ற பெயரை ஜமீலா என்று மாற்றியதும், நல்லவள் என்ற பொருளுள்ள பர்ரா என்ற பெயரை ஒருவருக்கு ஜுவைரியா என்றும், தன்னைத் தானே மெச்சும் தொனி வருகிறது என்று இன்னொருவருக்கு ஜைனப் என்றும் மாற்றியதும் ஸஹீஹ் முஸ்லிமிலேயே இருக்கின்றன. இருபத்தைந்து ஆண்டு இல்லறத்தில், கி.பி. 619-இல் அந்த அம்மையார் மறைந்து மக்காவின் ஹஜூனில் அடக்கப்படும்வரை, பிறகு அவர் நினைவில் நெகிழ்ந்த ஆண்டுகளிலும், இந்தப் பெயரை மாற்ற வேண்டும் என்று அவர்களுக்குத் தோன்றவில்லை. உங்களுக்குத் தோன்றுகிறதா?

மொழிக்காவலன்:
மாற்றச் சொன்னது நான் அல்ல, அந்த உறவினர். என் பேச்சை எனக்கே திரித்துச் சொல்வதை அனுமதிக்க மாட்டேன். பெயர் உயர்ந்தது, தாங்கியவரால் உயர்ந்தது. பொருள் குறை என்பதுதான் என் வாதம். ஆலிம்சாவே "குறைமாதம்" என்ற தமிழ்ச் சொல்லைத் தவிர்த்து நாள் நிறையுமுன் என்று சுற்றி வளைக்கிறாரே, ஏன்? நம் தாய்மார்கள் ஆயிரம் முறை சொன்ன குறைமாசப் பிள்ளை என்ற சொல்லுக்கு ஏன் அஞ்ச வேண்டும்?

பழைய அகராதி:
அஞ்சவில்லை. குறைமாதம் என்று எழுதுங்கள், ஏற்றுக்கொள்கிறேன்; அங்கே குறை மாதத்துக்கு அடைமொழி. அந்தப் பட்டியல்காரர் மாதத்தை வெட்டிவிட்டுக் குறையை மட்டும் பிள்ளையின் தலையில் வைத்துக் "குறையுடன் பிறந்தவள்" என்றார். அந்த ஒரு வெட்டால்தான் ஒரு தாய் சாப்பிடாமல் இருந்தாள். ஏழாம் மாதத்தில் பிறந்து பேரன் பேத்தி கண்டவர்கள் இல்லாத தெரு நம் ஊரில் இருக்கிறதா? அவர்களைக் குறையுடன் பிறந்தவர்கள் என்று யார் சொன்னார்கள்?

மொழிக்காவலன்:
மாதம் குறைந்தது என்று ஒப்புக்கொண்டுவிட்டீர்கள். குறை இருக்கிறது என்பதும் அதில் அடக்கம். முதல் வரி: ஒரே வேர், நுக்ஸான்.

இளந்தகப்பன்:
ஹஜ்ரத், செவிலி லாத்தா எழுதியதை என் மனைவிக்குப் படித்துக் காட்டினேன். அந்த நகம் பற்றிய வரியை இரண்டாம் முறையும் படிக்கச் சொன்னாள். ஒரு சந்தேகம். எங்கள் குழந்தை நாள் நிறைந்துதான் பிறந்தாள், மூன்று கிலோ இருந்தாள். அப்படியிருக்க இந்தப் பெயர் பொருந்துமா?

பழைய அகராதி:
பொருந்தும் தம்பி. அன்னையாரின் நினைவாக வைத்த பெயர். குழந்தை பிறந்த வாரத்தைக் கணக்குப் பார்த்து வைத்ததல்ல. மொழிக்காவலனுக்கு: அதே பத்தியின் இரண்டாம் வரியை மூன்றாம் முறையாக எழுதுகிறேன். காலத்துக்கு முன் போட்டால் கதஜத், உருக் குறைந்து போட்டால் அக்தஜத். இரண்டாம் வரி அந்த நூலில் இருக்கிறதா, இல்லையா? ஆம் அல்லது இல்லை என்று ஒரே சொல்லில் எழுதுங்கள்.

மொழிக்காவலன்:
முதல் வரி அந்த நூலில் இருக்கிறதா, இல்லையா? நீங்கள் முதலில் எழுதுங்கள்.

மருதமுனை வாசகர்:
"ஒருவர் வந்து" என்று சொன்னதற்கு இன்னும் பதில் வரவில்லை.