கொடைக்கானல் பைன் மதுரைல வருமா?

கொடைக்கானல்ல கீழ கெடந்த பைன் காய் ரெண்டு எடுத்துட்டு வந்தேன், மரத்துல ஊசி இலை எல்லாம் தலைமுடி மாதிரி தொங்குச்சு, இது என்ன பைன், விதை போட்டா மதுரைல வருமா?

பதில் 1: ஒரு கொத்துல எத்தன ஊசினு எண்ணுங்க. மூணா இருந்து தொங்குச்சுனா பாட்டுலா பைன், மெக்சிகோ மரம். இமயமலை சிர் பைனுக்கும் மூணுதான், ஆனா காய் நல்லா குண்டா இருக்கும். அஞ்சுனா நீலப் பைன். மதுரை வெயிலுக்குலாம் தாங்காதுங்க.

பதில் 2: நான் கோத்தகிரில போட்டேன், காய் மூடியே இருந்துச்சு, வெயில்ல வச்சப்புறம்தான் விரிஞ்சு றெக்கை வச்ச விதை கொட்டுச்சு. முளைச்சது வெளிறிப்போய் அப்படியே நின்னுச்சு, அப்புறம் பெரிய பைன் அடிமண்ணு ரெண்டு கை அள்ளிக் கலந்தேன், அதுல இருக்க பூஞ்சை வேரோட சேந்தாதான் வளரும்.

பதில் 3: பைன் நம்ம மரமே இல்லங்க, புல்வெளில கொண்டுவந்து நட்டது. மேற்குத்தொடர்ச்சி மலைல தானா வளர்ற ஒரே கோனிபர் (பைன் சேர்ந்த மரக் கூட்டம்) நகேயாங்கிற மரம்தான், அதுக்கு ஊசியே கிடையாது, அகல இலை!