கழுத்தின் பக்கவாட்டு எக்ஸ்ரேயில் நரம்புத் துளைகள் தெரியாதது ஏன்?

முதலாண்டு மாணவி:

அனைவருக்கும் வணக்கம். நான் ரேடியோகிராபி முதலாண்டு படிக்கிறேன். முதுகெலும்புக்கான எக்ஸ்ரே நிலைகளைப் படிக்கும்போது ஒரு செய்தி மட்டும் பிடிபடாமலே இருக்கிறது. கழுத்தை நேர்ப் பக்கவாட்டில் எடுத்தால் ஃபேசெட் மூட்டுகள் (அடுத்தடுத்த முள்ளெலும்புகளைப் பின்புறத்தில் இணைக்கும் சிறு மூட்டுகள்) தெளிவாகத் தெரியும் என்றும், நரம்புகள் வெளியேறும் துளைகளைக் காண நோயாளியை 45 டிகிரி திருப்பி ஆப்லிக் எனப்படும் சாய்வு நிலையில் எடுக்க வேண்டும் என்றும் பாடத்தில் உள்ளது. இடுப்பு முதுகெலும்புக்கு வந்தால் எல்லாம் தலைகீழாகிவிடுகிறது: அங்கே பக்கவாட்டில் துளைகள் தெரிகின்றன, மூட்டுகளுக்குத்தான் ஆப்லிக் தேவைப்படுகிறது. இதை அட்டவணையாக மனப்பாடம் செய்து தேர்வு எழுதிவிடலாம். ஆனால் காரணம் தெரியாமல் மனப்பாடம் செய்தது, படத்தைப் பதிவுசெய்யும் டிடெக்டர் முன் நோயாளியை நிறுத்தும் நேரத்தில் கைகொடுக்காது என்று நினைக்கிறேன். எலும்பின் அமைப்பில் இதற்கு விளக்கம் உண்டா? கூடவே, இடப்பக்கம் திருப்பி எடுத்தால் எந்தப் பக்கத்துத் துளை தெரியும் என்பதையும் யாரேனும் விளக்கினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

உடற்கூறியல் ஆசிரியர்:

சரியான இடத்தில்தான் கேள்வி கேட்டிருக்கிறீர்கள். விடை முழுவதும் எலும்பின் அமைப்பிலேயே இருக்கிறது. ஒரு குழாயின் வாய்க்கு நேராகக் கண்ணை வைத்தால்தான் அதன் வழியே மறுபுறத்தைப் பார்க்க முடியும். எக்ஸ்ரே கற்றைக்கும் துளைக்கும் உள்ள உறவு அதுவேதான்.

முள்ளெலும்பின் உடல் எனப்படும் முன்புறப் பருத்த பகுதியிலிருந்து பின்னோக்கிப் புறப்படும் இரு குட்டையான தூண்களைப் பெடிக்கிள் என்கிறோம். மேல் முள்ளெலும்பின் பெடிக்கிளுக்கும் கீழ் முள்ளெலும்பின் பெடிக்கிளுக்கும் இடைப்பட்ட வழியே நரம்புத் துளை. இடுப்பில் இந்தத் தூண்கள் ஏறக்குறைய நேராகப் பின்னோக்கிச் செல்வதால், அவற்றின் இடைவெளி நேர்ப் பக்கத்தை நோக்கித் திறக்கிறது. கழுத்திலோ அவை முள்ளெலும்பு உடலின் பின்பக்க மூலையிலிருந்து பின்புறமும் வெளிப்புறமுமாகச் சரிந்து செல்கின்றன. அதனால் துளையின் வாய் முன்புறமும் பக்கவாட்டுமாக, நோயாளியின் உடலின் நடுக்கோட்டுத் தளத்துக்குச் சுமார் 45 டிகிரியில் திரும்பியிருக்கிறது. அதோடு 15 முதல் 20 டிகிரி வரை கீழ்நோக்கியும் சாய்ந்திருக்கிறது. உலர்ந்த கழுத்து முள்ளெலும்பு ஒன்றைக் கையில் எடுத்து, குறுக்கு நீட்டத்தின் மேற்புறம் உள்ள பள்ளத்தை விரலால் தடவிப் பாருங்கள். நரம்பு படுத்துச் செல்லும் அந்தப் பள்ளம் முன்னோக்கி, வெளிநோக்கி, கீழ்நோக்கி இறங்குவதை விரலே சொல்லும். எந்தப் படத்தையும்விட அந்தத் தொடுதலே நன்றாகக் கற்றுத்தரும் என்பது என் உறுதியான கருத்து.

மூட்டுகளுக்கும் இதே நியாயம்தான். கழுத்தின் ஃபேசெட் மூட்டுகள் ஓடு வேய்ந்ததுபோல ஒன்றன்மேல் ஒன்றாகச் சரிந்திருந்தாலும், அவற்றின் இடுக்கு இடமிருந்து வலமாகவே ஓடுகிறது. எனவே பக்கவாட்டிலிருந்து வரும் கற்றை, சி2-சி3 (இரண்டாவது, மூன்றாவது கழுத்து முள்ளெலும்புகளுக்கு இடையிலான மூட்டு) தொடங்கிக் கீழே உள்ள எல்லா இடுக்குகள் வழியாகவும் நேராகப் புகுந்துவிடுகிறது. இடுப்பில் மூட்டின் முகங்கள் உள்நோக்கியும் வெளிநோக்கியும் திரும்பி, இடுக்கு முன்பின்னாகச் சரிவாக ஓடுவதால், உடலை 30 முதல் 50 டிகிரி வரை திருப்பினால்தான் அது திறந்து தெரியும். தலையைத் திருப்பக் கழுத்துக்குச் சுழற்சி வேண்டும். இடுப்போ குனியவும் நிமிரவும் இடம் கொடுத்து, முறுக்கத்தைத் தடுக்கிறது. மூட்டுகளின் திசை அந்தந்த அசைவுக்கு ஏற்றவாறு அமைந்திருக்கிறது. மார்புப் பகுதியில் துளைகள் பக்கவாட்டில் தெரியும். மூட்டுகளுக்குச் சுமார் 70 டிகிரி திருப்ப வேண்டும்.

கதிர்ப்படத் தொழில்நுட்பர்:

ஆசிரியர் சொன்னதிலிருந்தே உங்கள் இரண்டாவது கேள்விக்கும் விடை கிடைத்துவிடுகிறது. வலப்பக்கத் துளையின் வாய் வலது முன்மூலையை நோக்கியிருக்கிறது. நோயாளியின் இடப்பக்க முதுகு டிடெக்டரைத் தொடும்படி நிறுத்தினால், அவருடைய வலது முன்மூலை எக்ஸ்ரே குழாயை நேராகப் பார்க்கும். ஆகவே இடது பின் ஆப்லிக்கில் தெரிவது வலப்பக்கத் துளைகள். அதே நோயாளி டிடெக்டரை நோக்கி நின்று, வலது முன்தோளை அதன்மேல் வைத்தாலும் வலது முன்மூலை கற்றையின் கோட்டிலேயே இருக்கிறது; அப்போதும் தெரிவது வலப்பக்கத் துளைகளே. பின் ஆப்லிக்கில் டிடெக்டருக்குத் தொலைவில் உள்ள பக்கம், முன் ஆப்லிக்கில் அருகில் உள்ள பக்கம் என்ற விதியை இப்படி யோசித்தே வருவித்துக்கொள்ளலாம். துளை கீழ்நோக்கிச் சாய்ந்திருப்பதால், முன்னிருந்து கற்றை வரும்போது குழாயைத் தலைப்பக்கம் நோக்கி 15 முதல் 20 டிகிரி சாய்க்கிறோம். பின்னிருந்து வரும்போது அதே அளவு கால்பக்கம் நோக்கிச் சாய்க்கிறோம்.

பக்கவாட்டுப் படத்தைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும், ஏனெனில் அதில்தான் அவசரத்தில் தரம் குறைகிறது. தோள் குறுக்கே நிற்பதால் கழுத்தை டிடெக்டருடன் ஒட்டவைக்க முடியாது. இடைவெளி 25 சென்டிமீட்டர் என்று வைத்துக்கொண்டால், குழாய் 100 சென்டிமீட்டர் தொலைவில் இருக்கும்போது எலும்பு 1.33 மடங்காகப் பெரிதாகத் தெரியும்; 180 சென்டிமீட்டருக்குத் தள்ளினால் அது 1.16 மடங்காகக் குறைகிறது, ஓரங்களும் கூர்மையாகின்றன. மூச்சை முழுவதும் வெளியே விடச் சொல்லி அந்த நிலையில் எடுத்தால் தோள்கள் சற்றே இறங்கும். காயம் இல்லாத நோயாளி என்றால் இரு கைகளிலும் சம எடை கொடுத்தும் இறக்கலாம். சி7-க்கும் முதல் மார்பு முள்ளெலும்புக்கும் இடையிலான சந்திப்பு தெரியாத பக்கவாட்டுப் படம் முழுமையான படம் ஆகாது. அது தோளுக்குள் மறைந்தால் ஒரு கையை உயர்த்தி, மற்றதைத் தாழ்த்தி நீச்சல் நிலையில் தனியாக எடுக்க வேண்டும்.

கதிரியக்க மருத்துவர்:

மேலே உள்ள இரு விளக்கங்களோடும் உடன்படுகிறேன். ஆப்லிக் படத்தை வாசிக்கும் பக்கத்திலிருந்து சிலவற்றைச் சேர்க்கிறேன். அதில் மேலிருந்து முதலாவதாகத் தெரியும் துளை சி2-சி3 துளை. அதன் வழியே வருவது மூன்றாவது கழுத்து நரம்பு. கழுத்தில் முள்ளெலும்புகள் 7, நரம்புகள் 8 என்பதால், முதல் ஏழு நரம்புகளும் தத்தம் முள்ளெலும்புக்கு மேலாகவும், எட்டாவது நரம்பு சி7-க்குக் கீழாகவும் வெளியேறுகின்றன. எனவே சி5-சி6 துளை குறுகியிருந்தால் பாதிக்கப்படக்கூடியது ஆறாவது நரம்பு. எண்ணிக்கையில் ஓர் இடம் பிசகினால் அறிக்கையே தவறான நரம்பைச் சுட்டும். ஆகவே சி2-இன் பல் போன்ற நீட்டத்தை முதலில் அடையாளம் கண்டு, அங்கிருந்து கீழ்நோக்கி எண்ணுங்கள்.

துளை இரு பக்கமிருந்தும் குறுகலாம். முன்பக்கத்தில், முள்ளெலும்பு உடலின் மேல் ஓரத்தில் உயர்ந்து நிற்கும் அன்சினேட் விளிம்பிலிருந்து எலும்பு முளைகள் வளர்ந்து நீளும்; பின்பக்கத்தில், தேய்ந்த ஃபேசெட் மூட்டு தடித்து உள்ளே தள்ளும். சரியாகத் திருப்பிய படத்தில் துளை நீள்வட்டமாகத் தெரிய வேண்டும். திருப்பம் குறைந்தாலோ மிகுந்தாலோ, நல்ல துளையும் குறுகியதாகத் தோன்றும். படம் எடுப்பவரின் கோணம் நோயறிதலையே மாற்றக்கூடும் என்பதால், நீங்கள் காரணம் கேட்டுப் படிப்பது எனக்கு மிகுந்த மகிழ்ச்சி தருகிறது. டிஸ்க்கையும் தண்டுவடத்தையும் நரம்பையும் எக்ஸ்ரே நேரடியாகக் காட்டாது, அவற்றுக்கு எம்.ஆர்.ஐ. வேண்டும். அந்த வசதி உள்ள இடங்களில் ஆப்லிக் படங்கள் கேட்கப்படுவது குறைந்துவருகிறது.

முதலாண்டு மாணவி:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. முன்மூலை கற்றையின் கோட்டில் இருக்கிறதா என்று பார்க்கும் வழி எனக்கு உடனே புரிந்தது. ஒரே ஓர் ஐயம்: கழுத்துப் பட்டையுடன் படுத்த நிலையில் வரும் விபத்து நோயாளியை எப்படித் திருப்புவது?

கதிர்ப்படத் தொழில்நுட்பர்:

அவரைத் திருப்பவே கூடாது. பட்டையையும் கழற்றக் கூடாது; கையைப் பிடித்து இழுக்கவும் கூடாது. பட்டையுடன் மல்லாந்தே இருக்கவிட்டு, கிடைமட்டக் கற்றையால் பக்கவாட்டுப் படத்தை முதலில் எடுத்து மருத்துவரிடம் காட்டுங்கள். பெரியவர்களுக்குப் பலத்த அடி என்றால் சி.டி. ஸ்கேனையே முதலில் கேட்பார்கள். ஆப்லிக் தேவை என்று மருத்துவரே சொன்னால், டிடெக்டரை, சிதறும் கதிர்களைத் தடுக்கும் கிரிட் இல்லாமல், தட்டையாக வைத்து, குழாயைப் பக்கவாட்டிலிருந்து 45 டிகிரி சாய்த்து எடுக்கலாம். உருவம் சற்று நீண்டு தெரியும். துளைகளை மதிப்பிட அது போதும்.