நம் வீட்டுக் குழு: முன்னால் நான்கு, பின்னால் நான்கு

ஞாயிறு, காலை 7:10

நான்: சித்தப்பா, இன்று காருக்குப் பிளக் மாற்றப் போகிறேன், பொறி விட்டுப் பெட்ரோலைப் பற்றவைக்குமே, அந்த ஸ்பார்க் பிளக். இரவே பானெட்டைத் திறந்து வைத்துவிட்டேன். எஞ்சின் நன்றாக ஆறியிருக்கிறது.

அம்மா: போன மாதம்தானே பணிமனையில் மாற்றினார்கள்? பில்கூட அலமாரியில் இருக்கிறது.

நான்: மாற்றினார்கள் அம்மா, ஆனால் நான்குதான். நம்முடையது 2005 ஹோண்டா சிட்டி, ஐ-டிஎஸ்ஐ எஞ்சின். சிலிண்டர் நான்கு, பிளக் எட்டு. ஒவ்வொரு சிலிண்டருக்கும் முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று. துவாக்குடிப் பக்கம் மேம்பாலம் ஏறும்போது வண்டி இன்னும் குலுங்குகிறதே, அதனால்தான் பில்லை எடுத்துப் பார்த்தேன்.

சித்தப்பா: முப்பது வருடம் என் கையில் இருந்தவை எல்லாம் டீசல் பஸ்கள். அவற்றில் ஸ்பார்க் பிளக்கே கிடையாது. அழுத்திய காற்றின் சூட்டிலேயே டீசல் பற்றிக்கொள்ளும். ஆனால் அலுமினியத்தில் வெட்டிய மரை எந்த எஞ்சினிலும் ஒன்றுதான். சூடாக இருக்கும்போது கழற்றினால் மரையும் பிளக்கோடு பிய்ந்து வரும். ஆற விட்டது நல்லது. பாட்டரியின் மைனஸ் முனையைக் கழற்றினாயா?

நான்: கழற்றிவிட்டேன் சித்தப்பா.

மலர் அக்கா: தம்பி, புதன்கிழமை அப்பாவைத் தஞ்சாவூருக்குக் கண் பரிசோதனைக்கு அழைத்துப் போக வேண்டும். வண்டியைப் பிரித்துப் போட்டுவிட்டு நிற்காதே.

நான்: புதன்கிழமைக்காகத்தான் அக்கா இந்த வேலையே. லாரியை முந்தும் நேரத்தில் வண்டி திணறினால் அப்பாவை வைத்துக்கொண்டு என்ன செய்வேன்?

காலை 8:05

நான்: [படம்] முன்வரிசையில் ஒன்றைக் கழற்றிப் பார்த்தேன். புதியதுதான். முனை இளம்பழுப்பாக இருக்கிறது.

சித்தப்பா: அந்த நிறம் இருந்தால் எரிதல் சரி. உலர்ந்த கரி படிந்திருந்தால் பெட்ரோல் அதிகம் போகிறது, எண்ணெய் ஈரம் இருந்தால் உள்ளே கசிவு. அதைத் திருப்பி மாட்டிவிடு. பின்வரிசைக்குப் போ.

நான்: பின்வரிசைக்கு இரண்டு வைப்பர் கைகளையும் கண்ணாடிக்குக் கீழே உள்ள பிளாஸ்டிக் மூடியையும் கழற்ற வேண்டும். இந்த வேலைக்குப் பயந்துதான் விட்டிருப்பார்கள்.

சித்தப்பா: பிளக்குக்கு மின்சாரம் தரும் காயில்களை எடுக்கும்போது டேப் ஒட்டி எண் போட்டுக்கொள். எது எங்கே இருந்ததோ அங்கேயே போக வேண்டும். பிளக்கைத் திருகுவதற்கு முன் குழியில் சைக்கிள் பம்பால் நன்றாக ஊது. உள்ளே கிடக்கும் மண் சிலிண்டருக்குள் விழக் கூடாது.

காலை 9:20

நான்: [படம்] பாருங்கள். முனை தேய்ந்து உருண்டுவிட்டது. ஃபீலர் கேஜ் வைத்து அளந்தேன். பொறி தாண்டும் இடைவெளி 1.1 மி.மீ. இருக்க வேண்டியது, நான்கிலும் 1.5க்கு மேல்.

அம்மா: அதற்கும் மேம்பாலத்துக்கும் என்ன தொடர்பு கண்ணா?

நான்: மேட்டில் ஆக்சிலரேட்டரை மிதித்தால் சிலிண்டருக்குள் அழுத்தம் கூடும் அம்மா. அழுத்தம் கூடினால் பொறி தாண்டுவது கடினம். இடைவெளியும் அகன்றிருந்தால் சில சமயம் பொறியே விழாது. அதனால்தான் சமதளத்தில் ஒன்றும் தெரியவில்லை. எரியாத பெட்ரோல் புகைக்குழாய்க்குள் போய், புகையைச் சுத்தப்படுத்தும் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டரையும் கெடுக்கும். அதை மாற்ற நேர்ந்தால் செலவு பல மடங்கு.

அம்மா: அந்தப் பணிமனையில் போய்க் கேட்க வேண்டும்.

நான்: நாளை கேட்கிறேன். பழைய பிளக்குகளைக் கையில் வாங்கியிருந்தால் அன்றைக்கே தெரிந்திருக்கும். இனி எந்த வேலை என்றாலும் கழற்றியதைக் கேட்டு வாங்குவோம்.

சித்தப்பா: இப்போதுதான் கவனம் வேண்டும். புதிய பிளக்கை ஸ்பானரால் தொடங்காதே. பழைய பெட்ரோல் குழாயில் ஒரு சாண் வெட்டி பிளக்கின் தலையில் செருகு. குழாயை விரலால் சுற்றி இறக்கு. மரை கோணலாகப் பிடித்தால் குழாய் வழுக்கி நின்றுவிடும், மரைக்குச் சேதம் வராது. வாஷர் உட்கார்ந்ததும் ஸ்பானரால் அரைச் சுற்று. அதற்கு மேல் கை வலுவைக் காட்டாதே.

நான்: இறுக்கும் அளவைக் காட்டும் டார்க் ரெஞ்ச் இல்லாமல் சரியாக வருமா?

சித்தப்பா: வாஷர் வைத்த புதிய பிளக் என்றால் அரைச் சுற்று போதும். அந்த வாஷர் நசுங்கித்தான் காற்றை அடைக்கும். ஒரு முறை நசுங்கிய வாஷருக்கு அரைச் சுற்று ஆகாது, கொஞ்சம் திருப்பினாலே போதும். முன்னால் திருப்பி மாட்டினாயே, அதையும் அப்படித்தான் இறுக்க வேண்டும்.

நான்: அப்படித்தான் இறுக்கினேன் சித்தப்பா.

காலை 10:40

நான்: மூன்று இறங்கிவிட்டன. நான்காவது கைதவறி சிமென்ட் தரையில் விழுந்துவிட்டது.

சித்தப்பா: அதை மாட்டாதே. வெளியே தெரியாமல் பீங்கானில் விரிசல் இருக்கும். இடைவெளியும் குறுகியிருக்கும்.

மலர் அக்கா: இன்று ஞாயிறு, கடை கிடையாதே!

நான்: நாளைக் காலையிலேயே வாங்கிவிடுகிறேன் அக்கா. அதுவரை குழியைச் சுத்தமான துணியால் அடைத்து வைக்கிறேன்.

திங்கள், மாலை 6:15

நான்: முடிந்தது. துணியை எடுத்து, மறுபடியும் ஊதிவிட்டு, நான்காவதையும் மாட்டினேன். காயில் போல்ட்கள், வைப்பர் எல்லாம் சரிபார்த்தாகிவிட்டது. அம்மாவோடு துவாக்குடி வரை போய் வந்தேன்.

அம்மா: மேம்பாலத்தில் ஒரு குலுக்கலும் இல்லை. நான் சாய்ந்து உட்கார்ந்தே வந்தேன்.

சித்தப்பா: கிலோமீட்டர் எவ்வளவு என்று டைரியில் எழுதினாயா? முன்வரிசைக்கு ஒரு தேதி, பின்வரிசைக்கு ஒரு தேதி. இரண்டையும் தனித்தனியாக எழுது.

நான்: எழுதிவிட்டேன் சித்தப்பா. அக்கா, புதன்கிழமை ஆறரைக்குப் புறப்படுகிறோம்.