மறுமொழி: கான்ட்ராப்போஸ்டோ – தமிழில் எப்படிச் சொல்வது?

நண்பர்களுக்கு வணக்கம். ஒரு காலில் பாரத்தைத் தாங்கி உடலைச் சற்றே சாய்த்து நிற்கும் சிலையின் நிலைக்குக் கலையுலகில் வழங்கும் இத்தாலியச் சொல் ‘கான்ட்ராப்போஸ்டோ’. அதற்குத் தமிழ்ச் சொல் தேடிய இந்த இழையில் வந்த பரிந்துரைகளுக்கு என் பதில் இது.

> “திரிபங்கம்” என்றே வைத்துக்கொள்ளலாமே. நம் சிற்பிகளிடம் புழங்கும் சொல்தானே?

எனக்கு இதில் உடன்பாடில்லை. கழுத்து, இடுப்பு, முழங்கால் என மூன்று இடங்களில் உடல் வளைவதுதான் திரிபங்கம். சோழர் காலப் பார்வதி செப்புத் திருமேனிகளுக்கு அது கச்சிதமாகப் பொருந்தும். கான்ட்ராப்போஸ்டோவுக்கு அடிப்படை எடை. உடல் பாரம் ஒரு காலில் இறங்கியதும் அந்தப் பக்கத்து இடுப்பு உயர்கிறது, அதே பக்கத் தோள் தாழ்கிறது, மற்றக் கால் தளர்கிறது. கி.மு. 5ஆம் நூற்றாண்டில் கிரேக்கச் சிற்பி பாலிகிளைட்டஸ் ‘ஈட்டி ஏந்தியவன்’ சிலையில் முழுமையாக்கிக் காட்டியது இதைத்தான்.

மறுமலர்ச்சிக் காலம் இதை எப்படி மீட்டெடுத்தது என்று பார்க்க, மைக்கலாஞ்சலோவின் தாவீது சிலையை விட நல்ல சான்று ஒன்று உண்டு. பிளாரன்ஸில் ஓர்சான்மிக்கேலே தேவாலயத்தின் வெளிச்சுவர் மாடத்துக்காகச் சிற்பி தொனத்தெல்லோ 1411–13இல் செதுக்கிய புனித மாற்கு சிலை. செய்யச் சொன்னவர்கள் லினன் துணி வணிகர் சங்கத்தினர். பாரம் தாங்கும் வலக்காலின் மேல் அங்கியின் மடிப்புகள் தூணில் வெட்டிய வரிப்பள்ளங்கள் போல நேராக இறங்குகின்றன. தளர்ந்த இடக்காலின் முழங்கால் துணியைத் தள்ளிக்கொண்டு தெரிகிறது. முழு உடலையும் அங்கி மூடியிருந்தும், எந்தக் காலில் எடை இருக்கிறது என்பதில் நமக்குச் சந்தேகமே வருவதில்லை. என்ன அழகான வேலை!

> “எதிர்ச்சாய்வு”?

தெளிவான சொல்தான். ஆனால் தனியாகப் படிப்பவருக்குச் சாலைச் சரிவோ கூரைச் சரிவோதான் நினைவுக்கு வரும்.

என் பரிந்துரை: முரண்நிற்பு.

காரணம், இத்தாலியச் சொல்லின் மூலமே அணியிலக்கணத்தில் இருக்கிறது. எதிரெதிர்ச் சொற்களை அருகருகே நிறுத்துவதை லத்தீனில் ‘கான்ட்ராபோசிட்டம்’ என்றார்கள். ரோமானியப் பேச்சுக்கலை ஆசிரியர் குயின்டிலியன் அதை விளக்குகிறார். விறைப்பாக நேரே நிற்கும் உருவத்தில் நயம் குறைவு என்று சொல்லி, கிரேக்கச் சிற்பி மைரோனின் ‘வட்டெறிபவன்’ சிலையைப் பேச்சுக்கலைக்கு உவமையாகக் காட்டியவரும் அவரே. அவருடைய நூலின் முழுச் சுவடியை இத்தாலிய அறிஞர் போஜ்ஜோ பிராச்சோலினி 1416இல் செயின்ட் காலன் மடத்தில் கண்டெடுத்தார். அதன் பிறகு, பண்டைய நூல்களைத் தேடிக் கற்ற மறுமலர்ச்சிக் கால அறிஞர்கள் சொல்லையும் சிலையையும் ஒரே அளவுகோலால் பேச முடிந்தது.

நமக்கு, செய்யுளில் எதிரெதிர்ச் சொற்களை அமைக்கும் முரண்தொடை இருக்கிறது. ‘முரண்’ என்றால் மோதல் என்ற பொருள் வந்துவிடுமே என்று ஒருவர் தயங்கியிருந்தார். முரண்தொடையில் இருளும் ஒளியும் மோதிக்கொள்வதில்லை. ஒன்றை மற்றொன்று எடுத்துக்காட்டுகிறது. இறுகிய காலும் தளர்ந்த காலும் செய்வதும் அதுதான். ‘முரண்நிலை’ என்று மட்டும் வேண்டாம். அது வேறு பொருளில் ஏற்கெனவே வழங்குகிறது.

வாக்கியத்தில்: “மைக்கலாஞ்சலோவின் தாவீது (1501–04) முரண்நிற்பில் அமைந்த சிலை, வலக்கால் பாரம் தாங்க, இடக்கால் தளர்ந்திருக்கிறது.”

அடுத்து, சிற்பி ஜாம்போலோஞ்ஞாவின் ‘சபீனியப் பெண்ணைக் கவர்தல்’ (1583) சிலையில் உடல்கள் சுழன்று சுழன்று மேலேறுகின்றனவே, அந்த அமைப்புக்கு ‘அரவச்சுழல்’ (அரவம் – பாம்பு) பொருந்துமா? கருத்துச் சொல்லுங்கள்.