வன்னிப் பிள்ளைகளுக்கு எந்த நூல்களைக் கொடுக்கலாம்?

கேள்வி (விசுவமடு):
எங்கள் வாசிகசாலைக்கு வரும் தரம் 8, 9 மாணவர்கள் போர் முடிந்த 2009 இற்குப் பின்னர் பிறந்தவர்கள். ஆயினும் செயற்கைக் காலுடன் வயலுக்குப் போகும் தகப்பனையும், காணாமற்போன மகனின் படத்துக்கு விளக்கேற்ற மறுக்கும் அம்மம்மாவையும் பார்த்தே வளர்கிறார்கள். தாங்கள் யார் என்று அவர்கள் கேட்கத் தொடங்கும் இந்த வயதில் எந்த நூல்களைக் கொடுக்கலாம்?

பதில் (கிளிநொச்சி):
ஜப்பானியச் சிறுமி ஒருத்தியின் பள்ளி நாட்களைச் சொல்லும் 'டோட்டோ-சான்' நூலைத் தயங்காமல் கொடுங்கள், தமிழிலும் வந்திருக்கிறது. ஒரு பள்ளியிலிருந்து விலக்கப்பட்ட சிறுமி, பழைய ரயில் பெட்டிகளில் வகுப்புகள் நடக்கும் இன்னொரு பள்ளியில் தன் இடத்தைக் கண்டடைகிறாள். இளம்பிள்ளைவாதத்தால் பாதிக்கப்பட்ட நண்பனை அவள் ஏணி வைத்து, வியர்த்து விறுவிறுத்து மரத்தில் ஏற்றிவிடும் பகுதியை உரத்து வாசித்துக் காட்டுங்கள். அப்பள்ளி 1945 இல் குண்டுவீச்சில் எரிந்துபோகிறது. அதை எங்கள் பிள்ளைகளுக்கு விளக்க வேண்டியிராது.

பதில் (முல்லைத்தீவு):
சற்று மூத்தவர்களுக்கு யூதச் சிறுமி ஆன் பிராங்கின் நாட்குறிப்பு பொருந்தும். நாசிகளிடமிருந்து ஒளிந்து வாழ்ந்த இரண்டு ஆண்டுகளில் அவள் அச்சத்தை மட்டுமன்றி, தாயுடனான பிணக்கையும் எழுத்தாளராகும் ஆசையையும் எழுதினாள் என்பதே முக்கியம். போர் அவளுடைய முழு அடையாளமாகிவிடவில்லை. முடிவு கொடியது என்பதால், வீட்டில் இழப்பைக் கண்ட பிள்ளையைத் தனியே வாசிக்க விடாமல் நீங்களும் கூட இருங்கள்.