கேஸ்கட், சீலன்ட்: கையேட்டுக்குச் சொல் வேண்டும்

தருமபுரி, மோட்டார் மெக்கானிக் பிரிவு ஆசிரியர்:

வணக்கம். மாணவர் கையேடு திங்கட்கிழமை அச்சுக்குப் போகிறது. பழைய குறிப்பொன்றில், எஞ்சின் பாகங்களுக்கு நடுவே வைக்கும் கேஸ்கட், கசிவை அடைக்கப் பூசும் சீலன்ட் இரண்டுக்கும் ‘அடைப்பான்’ என்றே போட்டிருக்கிறார்கள். இரண்டும் ஒன்றுதான் என்று நினைக்கும் பையன் எஞ்சினின் மேல்பாகமான ஹெட்டுக்கு அடியில் வைக்கும் ஹெட் கேஸ்கட்டின் மேலும் சீலன்ட் பேஸ்ட்டை அப்பி வைக்கிறான். பல அடுக்கு எஃகு கேஸ்கட்டுக்குத் தயாரிப்பாளர் சொன்ன இடம் தவிர வேறெங்கும் பூசக் கூடாது. வேறு வேறு சொல் தாருங்கள்.

கிருஷ்ணகிரி, ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:

கேஸ்கட்டுக்கு ‘இடையடை’. இரு பரப்புக்கு இடையே நின்று அடைப்பது. சீலன்ட்டுக்குச் சொல் தேடி அலைய வேண்டாம், ‘கலப்பற்று’ இருக்கிறது. மரக்கலத்தின் பலகை இடுக்குகளை அடைக்கும் வேலைக்குப் பெயர். கலம் + பற்று. பொற்கொல்லரின் பற்றாசு, நாம் சொல்லும் பற்றவைப்பு எல்லாம் இந்தப் ‘பற்று’தான்.

ஓசூர், மொழிபெயர்ப்பாளர்:

ஐயா, போர்த்துக்கீசியர் அந்த வேலைக்காரனைக் ‘கலஃபாத்தே’ என்கிறார்கள். அரபியிலும் அதே வேர் உண்டு. துறைமுகத்தில் இறங்கிய சொல்லுக்குக் கலம், பற்று என்று பூணூல் போடுகிறீர்கள். ‘இடையடை’ பரவாயில்லை, ஆனால் பெயரடை, வினையடைக்குத் தம்பி என்று பையன்கள் நினைப்பார்கள். என் வாக்கு ‘கேஸ்கட்’டுக்கே. தொல்காப்பியரே வடசொல்லுக்கு வழிவிட்டவர்.

கிருஷ்ணகிரி, தமிழாசிரியர்:

வடவெழுத்தை நீக்கிவிட்டு வரச் சொன்னார். உங்கள் ‘ஸ்’ஸை நீக்குங்கள், பேசலாம். கலப்பற்று அங்கிருந்து இங்கு வந்ததா, இங்கிருந்து போனதா என்று தனி இழையில் எழுதுகிறேன்.

பாலக்கோடு, பட்டறை வைத்திருப்பவர்:

சார், எங்க ஊர்ல கேஸ்கட்னா பேக்கிங், சீலன்ட்னா பேஸ்ட். தொப்பூர் கணவாய் ஏறும்போதே கொதிச்சுப்போய் வர்ற வண்டிய ஹெட் இறக்கினா, முதல்ல ஸ்ட்ரெய்ட் எட்ஜ்ங்கிற நேர்ச்சட்டத்த வச்சு, அடியில இடைவெளி அளக்கற மெல்லிய தகடு, ஃபீலர் கேஜ் விட்டுப் பாக்கணும். ஹெட் வளைஞ்சிருந்தா எந்தப் பேஸ்ட்டும் காப்பாத்தாது, லேத்துக்குத்தான் போகணும். போல்ட்டை நடுவுல தொடங்கி வெளிப்பக்கமா, ரெண்டு மூணு சுத்துல முறுக்கணும்.

பேஸ்ட் வேலை, எஞ்சினுக்கு அடியில எண்ணெய் நிக்கிற ஆயில் சம்ப் மாதிரி இடத்துல. எண்ணெய்ப் பிசுக்கு துளிகூட இல்லாம துடைச்சு, ஆர்டிவிங்கிற சிலிக்கோன் பேஸ்ட்டை 3 மில்லிமீட்டர் கோடா, அறாம, போல்ட் ஓட்டைக்கு உள்பக்கமா இழுக்கணும். காத்துல இருக்கிற ஈரத்துலதான் அது இறுகும். முழுசா இறுக 24 மணி நேரம்கூட ஆகும். நிறைய அப்பினா உள்ளே பிதுங்கி, பிஞ்சு, எண்ணெய் வடிகட்டற ஸ்ட்ரெய்னர்ல போய் உக்காரும். ஆயில் ஏறாது, பேரிங் பிடிச்சுக்கும். அடைப்பான்னு பேர் வச்சா அது எதை அடைக்குதுன்னும் சொல்லிடுங்க.

ஓசூர், மொழிபெயர்ப்பாளர்:

அப்படியானால் ‘பசை’யும் ஆகாது. பசை என்றால் நிறையப் போட்டால் நன்றாக ஒட்டும் என்று கை தானாக அள்ளும். ‘அடைபூச்சு’ என்றால் மெல்லியதாகப் பூசுவது என்றாவது தோன்றும். காற்றுப் படாத இடத்தில், உலோகத்துக்கு நடுவே இறுகுகிற வகைக்கும் ஒரு சொல் வேண்டுமே?

தருமபுரி, ஆசிரியர்:

அதை ஆரம்பிக்காதீர்கள், அச்சகத்திலிருந்து இரண்டு தடவை போன் வந்துவிட்டது. இடையடை, அடைபூச்சு என்றே போடுகிறேன். தனி அஞ்சலில் வந்தவையும் பெரும்பாலும் இதற்கே. முதலில் வரும் இடத்தில் பக்கத்திலேயே பேக்கிங், பேஸ்ட் என்றும் இருக்கும்.

பாலக்கோடு, பட்டறை:

அது இருந்தா போதும் சார்.

கிருஷ்ணகிரி, தமிழாசிரியர்:

கலப்பற்றைக் கைவிட்டதை ஒப்பவில்லை என்று பதிவு செய்கிறேன். அச்சுக்கோப்பவரிடம் ஒன்று சொல்லிவிடுங்கள். ‘அடைபூச்சு’ வினைத்தொகை, ஒற்று மிகாது. ‘அடைப்பூச்சு’ என்று போட்டால் தோசைக்கல்லில் அடைக்குத் தடவும் எண்ணெய் ஆகிவிடும்.