"தன் ஜனங்கள் பக்கம் சாய்வார்" என்ற பேச்சுக்கு நீதிபதி கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லி என்ன பதில் சொன்னார்?

வியாசர்பாடி ஆசிரியை (கேள்வி):

வணக்கம். வியாசர்பாடியில் எங்கள் பகுதிப் பிள்ளைகளுக்கு மாலை வகுப்பு எடுத்து வருகிறேன். அமெரிக்காவில் ஃபெடரல் (மத்திய அரசின் நீதிமன்ற) நீதிபதியான முதல் கறுப்பினப் பெண் கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லியைப் பற்றிச் சென்ற வாரம் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளிடம் சொன்னேன். 1966-இல் அதிபர் லிண்டன் ஜான்சன் அவரை நியூயார்க் தெற்கு மாவட்ட நீதிமன்றத்துக்கு நியமித்த இடத்தில் கதையை நிறுத்தினேன். உடனே ஒரு மாணவி எழுந்து, "மிஸ், இவங்க தன் ஜனங்களுக்குத்தான் தீர்ப்பு சொல்வாங்கன்னு யாரும் சொல்லலையா?" என்று கேட்டாள். அந்தக் கேள்வி எங்கிருந்து வருகிறது என்பது எங்கள் பகுதியில் வாழ்பவர்களுக்குத் தெரியும். மேலோட்டமாக ஏதாவது சொல்லி அவளை உட்கார வைக்க எனக்கு மனம் வரவில்லை. அப்படி ஒரு குற்றச்சாட்டு அவர்மீது வந்ததா, வந்திருந்தால் எப்படி எதிர்கொண்டார் என்பதைத் தெரிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

ராயபுரம் வழக்கறிஞர்:

அம்மா, உங்கள் மாணவி கேட்ட அதே கேள்வியை நியூயார்க்கின் பெரிய வழக்கறிஞர் நிறுவனம் ஒன்று அவருடைய நீதிமன்றத்திலேயே மனுவாக வைத்தது. சல்லிவன் அண்ட் குரோம்வெல் என்ற அந்த நிறுவனம் பெண் என்பதால் தன்னை வேலைக்கு எடுக்கவில்லை என்று ஒரு பெண் வழக்கறிஞர் தொடுத்த வழக்கு, மோட்லி முன் வந்தது. அவர் கறுப்பினப் பெண், அதிலும் இனப் பாகுபாட்டுக்கு எதிராகப் பல ஆண்டுகள் வழக்காடியவர் என்பதால், இவ்வழக்கிலிருந்து விலகிக்கொள்ள வேண்டும் என்று எதிர்த்தரப்பு கோரியது.

1975-இல் மோட்லி அதை மறுத்தார். எந்த நீதிபதிக்கும் ஓர் இனமும் ஒரு பாலினமும் ஒரு பின்னணியும் இருந்தே தீரும்; அவையே விலகப் போதுமான காரணங்கள் என்றால், அந்த நீதிமன்றத்தின் எந்த நீதிபதியும் இவ்வழக்கை விசாரிக்க முடியாது என்பதுதான் அவர் எழுதியதன் சாரம். சற்று நின்று யோசித்தால் இதன் ஆழம் புரியும். வெள்ளை இன ஆண் நீதிபதி ஒருவர் அந்த வழக்கை எடுத்திருந்தால், "நீங்கள் ஆண், ஆகவே விலகுங்கள்" என்று யாரும் மனுப் போட்டிருக்க மாட்டார்கள். ஒரு சாராருக்கு மட்டும் பின்னணி உண்டு, மற்றவர்கள் பின்னணியே இல்லாமல் வானத்திலிருந்து குதித்தவர்கள் என்ற நினைப்பைத்தான் அவர் உடைத்தார். வழக்கு பின்னர் சமரசத்தில் முடிந்தது. ஆனால் நீதிபதிகள் விலகும் பிரச்சினை எழும்போதெல்லாம் அந்த உத்தரவை இன்றும் எடுத்துக்காட்டுகிறார்கள்.

பெரம்பூர் ஓய்வுபெற்ற ஆசிரியர்:

அவர் எங்கிருந்து வந்தார் என்பதையும் பிள்ளைகளிடம் சொல்லுங்கள், அம்மா. 1921-இல் கனெக்டிகட் மாநிலத்தின் நியூ ஹேவன் நகரில், கரீபியன் தீவான நெவிஸிலிருந்து குடியேறிய பெற்றோருக்குப் பன்னிரண்டு பிள்ளைகளில் ஒன்பதாவதாகப் பிறந்தவர். அப்பா, யேல் பல்கலைக்கழக மாணவர் சங்கங்களுக்குச் சமையற்காரர். பள்ளி முடித்தபின் கல்லூரிக்குப் பணமில்லை. ஒரு பொதுக்கூட்டத்தில் அவர் தயங்காமல் பேசியதைக் கேட்ட கிளாரன்ஸ் பிளேக்ஸ்லி என்ற உள்ளூர்த் தொழிலதிபர் படிப்புச் செலவை ஏற்றுக்கொண்டார். 1946-இல் நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் சட்டப் படிப்பை முடித்தார். கேள்வி கேட்கும் பிள்ளைகளை நாம் ஏன் உட்கார வைக்கக் கூடாது என்பதற்கு எனக்கு எப்போதும் நினைவுக்கு வருவது அந்தக் கூட்டம்தான்.

தண்டையார்பேட்டை சட்ட மாணவன்:

வழக்கறிஞர் ஐயா சொன்னதோடு ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். "முதல்" என்ற சொல்லை மட்டும் கவனமாகப் பயன்படுத்த வேண்டும்: ஃபெடரல் நீதிபதியான முதல் கறுப்பினத்தவர் வில்லியம் ஹேஸ்டி, அவர் 1937-இலேயே வர்ஜின் தீவுகளின் நீதிமன்றத்துக்கு நியமிக்கப்பட்டவர். மோட்லி கறுப்பினப் பெண்களில் முதலாமவர்.

வழக்கறிஞராக அவர் உச்ச நீதிமன்றத்தில் பத்து வழக்குகளில் வாதாடி ஒன்பதில் வென்றார். ஜேம்ஸ் மெரிடித் என்ற கறுப்பின மாணவரை 1962-இல் வெள்ளையர் மட்டுமே படித்த மிசிசிப்பி பல்கலைக்கழகத்துக்குள் நுழைய வைத்த வழக்கும் அவர் நடத்தியதே. அதே மிசிசிப்பியின் செனட்டர் ஜேம்ஸ் ஈஸ்ட்லாந்துதான் நீதிபதி நியமனங்களை ஆராயும் செனட் நீதித்துறைக் குழுவுக்குத் தலைவராக இருந்து, மோட்லியின் நியமனத்தை ஏழு மாதம் இழுத்தடித்தார்.

ஆனால் உங்கள் மாணவியின் கேள்விக்கு மிக நெருங்கியது அவர் தோற்ற பத்தாவது வழக்கு. அலபாமாவில் மரண தண்டனை விதிக்கப்பட்ட ஸ்வெய்ன் என்ற கறுப்பின இளைஞரின் விசாரணையில், ஜூரிக்கு (வழக்கைக் கேட்டு முடிவு சொல்லும் பொதுமக்கள் குழுவுக்கு) தகுதியான ஆறு கறுப்பினத்தவரையும் அரசுத் தரப்பு வழக்கறிஞர் நீக்கிவிட்டார். 1965-இல் உச்ச நீதிமன்றம் அதில் தலையிட மறுத்தது. கறுப்பினத்தவர் தம் இனத்தவர் பக்கமே சாய்வார் என்ற ஊகத்தின் பேரில் ஒருவரை ஜூரியிலிருந்து நீக்கக் கூடாது என்று, 1986-இல் பேட்சன் வழக்கில் அதே நீதிமன்றம் சொல்லி, ஸ்வெய்ன் தீர்ப்பின் அந்தப் பகுதியைக் கைவிட்டது. மோட்லி வழக்கறிஞராக நின்று தோற்ற வாதமும், நீதிபதியாக 1975-இல் எழுதிய உத்தரவும் ஒரே சந்தேகத்துக்கு எதிரானவை.

வியாசர்பாடி ஆசிரியை:

மூவருக்கும் நன்றி. ஜூரி என்றால் என்ன என்பதிலிருந்து தொடங்க வேண்டும், ஏனென்றால் நம் நீதிமன்றங்களில் அதைப் பிள்ளைகள் கண்டதில்லை. ஒரு சந்தேகம் மட்டும்: பேட்சன் தீர்ப்பு வந்தபோது மோட்லி நீதிபதியாகத்தான் இருந்தாரா?

ராயபுரம் வழக்கறிஞர்:

ஆம், அம்மா. 1982-இலிருந்து அந்த மாவட்ட நீதிமன்றத்தின் தலைமை நீதிபதியாக இருந்தவர், அதே 1986-இல்தான் மூத்த நீதிபதி (பணிச்சுமை குறைந்த, பாதி ஓய்வு போன்ற) நிலைக்கு மாறினார். அதன் பின்னும் வழக்குகளை விசாரித்துவந்து, 2005 செப்டம்பரில், 84-ஆம் வயதில் காலமானார். அந்த மாணவி கேட்டதை அவள் வாய்மொழியிலேயே பலகையில் எழுதிவிட்டு வகுப்பைத் தொடங்குங்கள்.